சாவி வைத்திருந்த பெண்கள்: கிரீஸ் நாட்குறிப்பு

மே 5, திங்கள். ஏதென்ஸ்

பழைய கிரேக்கத்தில் தெய்வங்களுக்குப் பூசை செய்த பெண்களைத் தேடித்தான் இந்தப் பயணம். புராணக் கதைகளில் வருகிறவர்கள் இல்லை. சம்பளம், நிலம், வழக்கு, தண்டனை என்று ஊர்க் கணக்கில் பதிவான பெண்கள்.

தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் நுழைந்ததும் தென்மேற்குக் கிரேக்க ஊரான பைலோஸின் களிமண் பலகைகள் இருக்கும் இடத்தைத்தான் விசாரித்தேன். கி.மு. 1200 வாக்கில் பைலோஸ் அரண்மனை எரிந்தபோது இவையும் தீயில் சுட்டு இறுகிவிட்டன. இல்லாவிட்டால் ஒரு மழைக்காலத்துக்குக்கூடத் தாங்கியிருக்காது. 1952இல் மைக்கேல் வென்ட்ரிஸ் இந்த எழுத்தைப் படித்துக் காட்டியபோது, உள்ளே இருந்தது கவிதையோ காவியமோ அல்ல. ஆட்டுக் கணக்கு, எண்ணெய்க் கணக்கு, நிலக் கணக்கு.

அந்த நிலக் கணக்கில் ஒரு தகராறு இருக்கிறது. எரிதா என்ற பெண் பூசாரி, தன்னிடம் உள்ள நிலம் தெய்வத்துக்கு உரியது, தனிச் சலுகை பெற்றது என்கிறார். ஊர்ச் சபை அதை மறுத்து, அவர் சாதாரணக் குத்தகைதாரர்தான் என்கிறது. எழுத்தர் இரண்டு தரப்பையும் குறித்துவிட்டுத் தீர்ப்பு எழுதாமல் நகர்ந்துவிட்டார். மூவாயிரம் வருடத்துக்கு முந்தைய ஒரு பெண்ணின் குரல் நமக்குக் கேட்கிறது என்றால், அது கோயில் நிலத்துக்காக ஊரோடு வாதாடும் குரல்.

அதே பைலோஸ் கணக்கில் கார்பாதியா என்று இன்னொருவர். அவருடைய பதவி சாவி ஏந்துபவர். எரிதா போல அவரும் நிலம் வைத்திருந்தவர். இந்தச் சாவி பிறகும் வந்துகொண்டே இருக்கும். ஏதென்ஸின் கல்லறைக் கற்களில் ஒரு பெண்ணின் கையில் இரண்டு இடத்தில் வளைந்த நீளக் கம்பி ஒன்று செதுக்கியிருந்தால், அவர் பூசாரியாக இருந்தவர் என்று பொருள். அது கோயில் சாவி. லூசோய் ஊரில் வேட்டைத் தெய்வமான ஆர்டெமிஸின் கோயில் சாவி ஒன்று, வெண்கலத்தில், சுமார் 40 செ.மீ. நீளத்தில், இப்போது அமெரிக்காவில் பாஸ்டன் நகர அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இடுப்பில் செருகுகிற சாவி இல்லை. தோளில் சாய்த்துக்கொண்டுதான் நடக்க முடியும், ஊரே பார்க்கும்.

மே 6, செவ்வாய். அக்ரோபோலிஸ்

கூட்டம் எல்லாம் பெரிய அதீனா கோயிலான பார்த்தினானைச் சுற்றித்தான். நான் அதற்கும் பக்கத்துக் கோயிலான எரெக்தியோனுக்கும் நடுவில், தரையோடு தரையாகக் கிடக்கிற அஸ்திவாரக் கற்களிடம் வெகுநேரம் இருந்தேன். ஊரின் காவல் தெய்வமான அதீனாவுக்கு இருந்த, பாரசீகர்கள் எரித்த பழைய கோயிலின் இடம் அது.

கி.மு. 508 வாக்கில் ஸ்பார்ட்டாவின் அரசன் கிளியோமெனிஸ் படையோடு இந்தக் குன்றின் மேல் ஏறி வந்து கருவறைக்குள் நுழையப் போனான். வாசலைத் தாண்டுவதற்குள் பூசாரி அம்மாள் தன் ஆசனத்திலிருந்து எழுந்து தடுத்தார். ஸ்பார்ட்டாக்காரனே, திரும்பிப் போ, டோரியர்கள் (ஸ்பார்ட்டாக்காரர்களின் இனம்) இங்கே நுழையக் கூடாது என்றார். நான் டோரியன் அல்ல, அக்கேயன் என்று பதில் சொல்லிவிட்டு அவன் உள்ளே போனான் என்று வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதுகிறார். மூன்றாம் நாள் ஏதென்ஸ் மக்கள் முற்றுகையிட்டு அவனை வெளியேற்றினார்கள். ஆயுதம் தாங்கிய அரசனுக்கு எதிரே ஒரு பெண் எழுந்து நின்று பேசுகிறார், அவனும் வாளை உருவாமல் தன் குலத்தைச் சொல்லி வாதாடுகிறான். எனக்கு முக்கியமாகப் படுவது அதுதான். அந்தப் பெண் நின்றது சட்டத்தின் மேல் என்று அவனுக்கும் தெரிந்திருந்தது.

கி.மு. 480இல் பாரசீகப் படை நெருங்கியபோதும் இங்கிருந்த பூசாரியின் ஒரு சொல் ஊரை அசைத்தது. கோயிலில் காவல் பாம்பு ஒன்று வாழ்வதாக நம்பிக்கை. மாதாமாதம் அதற்குத் தேன் அப்பம் படைப்பார்கள். அந்த மாதம் அப்பம் அப்படியே இருக்கிறது என்று பூசாரி அறிவித்தார். தெய்வமே குன்றைவிட்டுப் போய்விட்டது என்று மக்கள் மூட்டை கட்டினார்கள். ஊரைக் காலி செய்யுங்கள் என்று தலைவர்கள் சொன்னதைவிட இது வேகமாக வேலை செய்தது.

இந்தப் பதவி எத்தியோபூதாதே என்ற ஒரே குலத்துப் பெண்களுக்கு உரியது. ஆயுள் முழுவதும் இருக்கலாம். லிசிமாக்கே என்பவர் 64 வருடம் அதீனாவுக்குப் பூசை செய்தார். அவர் சிலையைச் செய்தவர் தெமேத்ரியோஸ் என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி குறிக்கிறார். அவருடையது என்று கருதப்படும் பீடக் கல்வெட்டு, அவர் 88 வயது வாழ்ந்தார் என்றும் சொல்கிறது. அவரிடம் உதவியாளராக இருந்த மூதாட்டிக்கும் கோயில் அருகே ஒரு முழ உயரத்தில் சிலை இருந்தது. பழங்காலப் பயண எழுத்தாளர் பௌசானியஸ் அதைப் பார்த்திருக்கிறார். இந்தக் குட்டிச் சிலைதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. விளக்குத் துடைத்து, தண்ணீர் எடுத்துவந்து, பக்கத்திலேயே நின்ற ஒருவரையும் யாரோ நினைத்துப் பார்த்திருக்கிறார்கள்.

இன்னொன்று, பழங்காலப் புவியியலாளர் ஸ்ட்ராபோ சொல்வது: அதீனாவின் பூசாரி உள்ளூரில் செய்த புதுச் சீஸ் சாப்பிடமாட்டார். வெளியூர்ச் சீஸ் என்றால் சாப்பிடலாம். சலாமிஸ் தீவினுடையதும் கணக்கில் வெளியூர்தான். விரதம் என்றால் அதற்கென்று ஒரு நுணுக்கம் இல்லாமலா?

இரவு அக்கா போனில் கேட்டாள்: “அவங்க எல்லாம் கல்யாணமே பண்ணிக்காதவங்களா?” பலரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். ரோமில் வெஸ்டா தெய்வத்துக்காகக் கன்னியாக இருந்த பூசாரிகளை வைத்து எல்லாரையும் அளந்துவிடுகிறோம். கிரேக்கத்தில் பெரும்பாலான பெண் பூசாரிகள் கணவன், பிள்ளைகள், பேரப் பிள்ளைகள் உள்ளவர்கள். கன்னியாகவே இருக்கவேண்டிய இடங்களிலும் பல நேரம் அது கல்யாண வயது வரும்வரைதான். பிறகு வேறு சிறுமி வருவாள்.

மே 7, புதன். ஏதென்ஸ்

கல்வெட்டு அருங்காட்சியகம் தேசிய அருங்காட்சியகக் கட்டடத்திலேயே ஒரு பக்கம் இருக்கிறது. ஆள் அரவமே இல்லை. மிர்ரினே என்ற பெண்ணின் கல்லறைப் பாடலைத் தேடி வந்தேன். கல்லிமாக்கோஸின் மகள், அதீனா நைக்கி (வெற்றி தரும் அதீனா) கோயிலுக்கு முதன்முதலாகப் பணி செய்தவர், எல்லாரிலிருந்தும் குடவோலை போலச் சீட்டு விழுந்து தேர்வானவர். அந்த ‘எல்லாரிலிருந்தும்’ என்பதைக் கல்லிலேயே பொறித்திருக்கிறார்கள். நேற்றுச் சொன்ன அதீனா பொலியாஸ் (நகர் காக்கும் அதீனா) பூசை ஒரு குலத்தின் சொத்து. நைக்கியின் பூசையோ ஏதென்ஸ் குடிமக்கள் வீட்டுப் பெண் யாருக்கு வேண்டுமானாலும் விழலாம். ஓட்டுரிமை இல்லாத பெண்களுக்கு மக்களாட்சி ஒரு சன்னலைத் திறந்துவிட்டது இந்த வழியாகத்தான்.

சம்பளம் வருடத்துக்கு 50 திராக்மா. கூடவே, ஊர்ப் பலிகளில் கால்களும் தோல்களும். அந்த நூற்றாண்டின் கடைசியில் எரெக்தியோனைக் கட்டிய கைவினைஞருக்கு நாள் கூலி ஒரு திராக்மா; ஆக 50 என்பது பெரிய பணம் இல்லை. தோலை விற்று வருவதையும் சேர்த்துப் பார்க்கவேண்டும்.

மே 9, வெள்ளி. பிராரோன்

மெட்ரோவில் போய், பிறகு பேருந்து. ஏதென்ஸைச் சுற்றிய ஆட்டிக்கா பகுதியின் கிழக்குக் கரை, சதுப்பு நிலம், எங்கும் தவளைச் சத்தம். ஆர்டெமிஸின் இடம் இது.

இங்கே சிறுமிகள் ‘கரடிகளாக’ இருக்க வருவார்கள். ஆர்டெமிஸுக்குரிய ஒரு பழகிய கரடி ஒரு சிறுமியைக் கீறிவிட, அவள் அண்ணன்மார் அதைக் கொன்றார்கள். தெய்வம் கோபித்து ஊருக்குக் கொள்ளைநோய் வந்தது. கழுவாயாக ஏதென்ஸ் சிறுமிகள் கல்யாணத்துக்கு முன்னால் கரடியாகப் பணி செய்யவேண்டும் என்று ஆனது. குங்குமப்பூச் சாயம் தோய்த்த ஆடை, ஓட்டம், ஆட்டம். அவர்கள் ஓடுவதைத் தீட்டிய சின்னச் சின்னக் கிண்ணங்கள் இங்கே துண்டு துண்டாகக் கிடைத்தன. அருங்காட்சியகத்தில் பளிங்குச் சிறுமிகள் நிற்கிறார்கள். ஒருத்தி முயலை மடித்த ஆடைக்குள் வைத்து அணைத்திருக்கிறாள். கன்னம் உப்பிய, வெகு நிஜமான குழந்தை முகம்.

1948இல் தொடங்கி இதைத் தோண்டியவர் யோவானிஸ் பாப்பாதிமித்ரியூ. தூண் மண்டபத்தை ஒட்டிய அறைகளில், விருந்துக் கட்டில்களின் கால்களைப் பொருத்திய குழிகள் தரையில் இன்னும் தெரிகின்றன.

பெண்கள் தங்கள் துணிகளை இங்கே காணிக்கையாகக் கொடுத்தார்கள். பூசாரிகளின் பொறுப்பில் இருந்த அந்தத் துணிகளுக்கு நான்காம் நூற்றாண்டில் எழுதிய பட்டியல்கள், அக்ரோபோலிஸில் வைத்த கல் பிரதிகளாக, நமக்குக் கிடைத்திருக்கின்றன. இன்னார் கொடுத்த மேலாடை, இது கந்தல், இது பாதி நெய்தது, இது தெய்வத்தின் சிலைமேல் போர்த்தியிருக்கிறது என்று வரிவரியாக. பிரசவத்தில் இறந்த பெண்களின் துணி இங்கே புராண இளவரசி இஃபிஜீனியாவுக்குப் போகும் என்று யூரிப்பிடிஸின் நாடகத்தில் அதீனா சொல்கிறாள். இஃபிஜீனியா இங்கே ஆர்டெமிஸின் சாவிக்காரியாக இருந்து, இங்கேயே அடக்கமாவாள் என்றும் சொல்கிறாள். பாதி நெய்த துணி என்ற வரியைப் படித்த பிறகு எனக்கு மேலே படிக்கக் கொஞ்ச நேரம் ஆனது. தறியில் விட்டுப்போன அந்த வேலையை யார் எடுத்துக்கொண்டு வந்து கொடுத்திருப்பார்கள்? அம்மாவா, மாமியாரா?

மே 12, திங்கள். ஆர்கோஸ் ஹீரா கோயில்

இந்தப் பயணத்தில் நான் மிகவும் எதிர்பார்த்த இடம், தெய்வங்களின் அரசி ஹீராவின் இந்தக் கோயில்தான். ஆர்கோஸிலிருந்து டாக்சி. குன்றின் சரிவில் மூன்று படிக்கட்டு நிலங்கள். கீழே ஆர்கோஸ் சமவெளி முழுக்க ஆரஞ்சுத் தோப்பு. காவலாளி ஒருவர், நான், சில ஆடுகள்.

ஏதென்ஸும் ஸ்பார்ட்டாவும் மோதிய பெலொப்பொனேசியப் போர் எந்த வருடம் தொடங்கியது என்று சொல்ல வேண்டிய இடத்தில் வரலாற்றாசிரியர் துசிடிடிஸ் மூன்று கணக்குக் கொடுக்கிறார்: அந்த வருடம் பதவியில் இருந்த ஸ்பார்ட்டாவின் எபோர், ஏதென்ஸின் ஆர்க்கோன் என்ற அதிகாரிகள், அவர்களுக்கும் முன்னால், ஆர்கோஸில் கிரிசிஸ் பூசாரியாக இருந்த 48ஆம் வருடம். கிரேக்க நகரங்களுக்குப் பொதுவான ஆண்டுக் கணக்கு அப்போது இல்லை. ஹெல்லானிகோஸ் இந்த ஹீரா கோயில் பூசாரிகளின் வரிசையை வைத்தே ஒரு வரலாற்றுக் கணக்கு எழுதினார். ஒரு பெண்ணின் பணிக்காலம் காலத்தை அளக்கும் கோலாக இருந்தது.

அப்புறம் கி.மு. 423 கோடை. கிரிசிஸ் ஏற்றிய விளக்கை மாலைகளின் அருகே வைத்துவிட்டுத் தூங்கிப் போனார். காய்ந்த மாலை பற்றி, கோயில் முழுவதும் எரிந்தது. அதற்குள் அவர் பணி 56 வருடத்தைத் தாண்டியிருந்தது. இருபது வயதில் வந்திருந்தால்கூட அன்றைக்கு எழுபத்தாறு. அந்த இரவே ஊராருக்குப் பயந்து ஃபிலியூஸுக்கு ஓடினார் என்கிறார் துசிடிடிஸ். தேகேயாவில் அதீனா அலேயாவின் கோயிலில் அடைக்கலம் புகுந்தார் என்கிறார் பௌசானியஸ். மலைப் பாதையில், இருட்டில், அந்த வயதில். பின்னால் திரும்பினால் ஐம்பது வருடத்துக்கு மேல் தான் திறந்து மூடிய கோயில் எரிகிற வெளிச்சம் தெரிந்திருக்கும்.

ஆர்கோஸ்காரர்கள் முறைப்படி ஃபாயினிஸ் என்பவரை நியமித்தார்கள். கிரிசிஸை ஒப்படைக்கும்படி தேகேயாவிடம் அவர்கள் கேட்கவே இல்லை. அதோடு, இவ்வளவு பெரிய நாசத்துக்குப் பிறகும் அவருடைய சிலையை இறக்கவில்லை. ஐந்நூற்றுச் சொச்சம் வருடம் கழித்துப் பௌசானியஸ் வந்தபோதும் எரிந்த கோயிலுக்கு முன்னால் அது நின்றது. இந்த ஊரை நான் மதிப்பது அதற்காகத்தான். ஒரு இரவின் தூக்கத்துக்காக அரை நூற்றாண்டுப் பணியை அவர்கள் அழிக்கவில்லை.

மேல்தளத்தில் பழைய கோயிலின் பெரிய பெரிய கற்கள் இருக்கின்றன. அதற்குக் கீழே, நடுத் தளத்தில் எழும்பிய புதுக் கோயிலுக்கு எயுபொலிமோஸ் கட்டடக்காரர். உள்ளே பொலிக்லெய்தோஸ் செய்த பொன்னும் தந்தமுமான ஹீரா, ஒரு கையில் மாதுளை, இன்னொன்றில் குயில் உட்கார்ந்த செங்கோல். அதில் எதுவும் இப்போது இல்லை.

மே 13, செவ்வாய். நாஃபிளியோ

வெயிலில் அலைந்ததால் இன்று ஓய்வு. தெற்கே கடற்கரையில் உள்ள ஹெர்மியோனுக்குப் போக நினைத்தேன், முடியவில்லை. அங்கே விளைச்சல் தெய்வமான டிமீட்டருக்கு எடுக்கும் க்தோனியா திருவிழாவில் பசுவைக் கோயிலுக்குள் விட்டுக் கதவைச் சாத்துவார்கள். உள்ளே நான்கு மூதாட்டிகள் அரிவாளோடு காத்திருப்பார்கள். பொதுவாகப் பலியை அறுப்பது ஆண்கள் வேலை, இங்கே கிழவிகள். அந்தக் கோயிலில் எதை எல்லாவற்றுக்கும் மேலாக வணங்குகிறார்களோ அதை எந்த ஆணும் பார்த்ததில்லை, அந்த மூதாட்டிகளுக்கு மட்டும்தான் தெரியும் என்று பௌசானியஸ் எழுதிவிட்டு நிறுத்திக்கொள்கிறார்.

மே 14, புதன். எலியூசிஸ்

ஏதென்ஸுக்குத் திரும்பும் வழியில் இறங்கினேன். சுற்றிலும் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகள். நடுவில் டிமீட்டரும் அவள் மகளும் ஆண்ட இடம்.

அருங்காட்சியகத்தில் தலையில் புனிதப் பெட்டி சுமந்த பெரிய பெண் சிலை ஒன்று. இதன் இணை கேம்பிரிட்ஜில் இருக்கிறது. அந்தச் சிலையை ஊர் மக்கள் டிமீட்டர் என்றே கருதி, அது இருந்தால்தான் வயல் விளையும் என்று நம்பி, விழா நாளில் விளக்கேற்றி வந்தார்கள். 1801இல் எட்வர்ட் கிளார்க் என்ற ஆங்கிலேயர் எடுத்துப் போனபோது தடுத்தும் பார்த்தார்கள். கப்பல் இங்கிலாந்துக் கரையருகே உடைந்தது, சிலையை மீட்டுவிட்டார்கள். அது தெய்வம் அல்ல, பெட்டி சுமந்த பணிப்பெண் என்பது ஆய்வாளர்கள் கருத்து. கிராமத்தாருக்கு அந்த வித்தியாசம் பெரிதாகப் பட்டிருக்காது, எனக்கும் படவில்லை.

இங்கே டிமீட்டரின் மறைபூசையில், அதாவது ரகசியச் சடங்கில், தீட்சை பெறும் ஒவ்வொருவரும் பூசாரி அம்மாளுக்கு ஒரு ஓபோல் நாணயம் தரவேண்டும் என்று ஐந்தாம் நூற்றாண்டுக் கல்வெட்டு விதிக்கிறது. கி.மு. 415இல் ஏதென்ஸ் தளபதி அல்கிபியாடிஸ் இந்த மறைபூசையைக் கேலி செய்தான் என்று தண்டித்து, எல்லாப் பூசாரிகளும் அவனைச் சபிக்கவேண்டும் என்று ஏதென்ஸ் ஆணையிட்டபோது, தியானோ என்ற பெண் பூசாரி மட்டும் மறுத்தார். நான் வேண்டுதல் செய்யும் பூசாரி, சபிக்கும் பூசாரி அல்ல என்றாராம், புளூட்டார்க் சொல்கிறார்.

நான்காம் நூற்றாண்டில் ஆர்க்கியாஸ் என்ற தலைமைப் பூசாரி, ஹலோவா விழா நாளில் சினோப்பே என்ற பெண்ணுக்காக இங்கே முற்றத்துப் பலிபீடத்தில் பலி கொடுத்தார். அன்றைக்கு உயிர்ப்பலியே கூடாது. மேலும் அந்த விழாவில் பலி செலுத்தும் உரிமை அவருடையது அல்ல, டிமீட்டரின் பெண் பூசாரியுடையது. எவ்மோல்பிதாய் என்ற பழம்பெரும் குலத்தவர் என்பதும் அவரைக் காக்கவில்லை, நீதிமன்றம் தண்டித்தது. எனக்கு ஆறாத ஒன்று, வழக்கைச் சொல்லும் பேச்சில் ஆர்க்கியாஸின் பெயர் இருக்கிறது, சினோப்பேயின் பெயர் இருக்கிறது, யாருடைய உரிமைக்காகத் தீர்ப்பு வந்ததோ அந்தப் பூசாரியின் பெயர் இல்லை.

டெல்ஃபிக்கு வெள்ளிக்கிழமைப் பேருந்தில் சீட்டு எடுத்திருக்கிறேன். அங்கே குறி சொன்ன பெண் பூசாரி பிதியாவைப் பற்றி அங்கிருந்து எழுதுகிறேன்.