ஆடிட்டர் ஆபீஸ் ஃபோல்டர்கள்

ஆடிட்டர் ஆபீஸில் வேலை பார்ப்பவர்களுக்குத் தெரியும், ஜூலை வந்துவிட்டால் ரிட்டர்ன் போடுகிற நேரத்தைவிட ஃபைல் தேடுகிற நேரம்தான் அதிகம். ஒரே கிளையண்டின் பேலன்ஸ் ஷீட் 'ஃபைனல்', 'ஃபைனல் புதுசு', 'ஃபைனல் சார் பார்த்தது' என்று ஆளுக்கொரு இடத்தில் கிடக்கும்.

எங்கள் ஆபீஸில் இதை ஒழுங்குபடுத்த உட்கார்ந்தபோது முதலில் வின்டிர்ஸ்டாட்டை ஓடவிட்டோம். எந்த ஃபைல் எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று வண்ணக் கட்டங்களாகக் காட்டும். பெரிய கட்டங்கள் எல்லாம் பழைய பேக்கப், கூடவே யாரோ போட்டுவைத்த கல்யாண வீடியோ. அப்புறம் ஒரே ஃபைலின் நகல்களைத் தேடிப்பிடிக்கும் டூப்குரு. உள்ளடக்கத்தையே ஒப்பிடுவதால் பெயர் மாற்றிவைத்த நகல்களும் மாட்டின. ஆனால் அது காட்டுவதையெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு அழிக்க முடியாது. ஒருவருடைய பான் கார்டு ஸ்கேன் அவருடைய ஃபோல்டரிலும் அவர் பங்குதாரராக இருக்கும் கடையின் ஃபோல்டரிலும் இருக்கத்தான் வேண்டும்.

இலவசம் என்று போட்டிருப்பதெல்லாம் ஆபீஸுக்கும் இலவசம் கிடையாது, இதைப் பலர் கவனிப்பதே இல்லை. நிறைய ஃபைல்களுக்கு ஒரே நேரத்தில் பெயர் மாற்றும் பல்க் ரீநேம் யுடிலிட்டி வீட்டு உபயோகத்துக்குத்தான் சும்மா, தொழிலுக்கு லைசென்ஸ் வாங்க வேண்டும். ஊருக்கெல்லாம் கணக்கு சரிபார்க்கிற நாமே அதில் ஏமாற்றினால் நன்றாகவா இருக்கும்? அதனால் மைக்ரோசாஃப்ட்டின் பவர்டாய்ஸில் வரும், அதே வேலையைச் செய்யும் இலவச பவர்ரீநேமுக்குப் போனோம். ஃபைல்களைச் சுருக்கிவைக்க, 40 நாள் இலவச சோதனைக்காலம் முடிந்தும் காசு கட்டாமல் வருடக்கணக்கில் ஓடிக்கொண்டிருந்த வின்ரார் போய், இலவசமான செவன்-ஜிப் வந்தது.

உண்மையான வேலை பெயர் வைப்பதில்தான் இருந்தது. லட்சுமி என்ற பெயரை ஆங்கிலத்தில் எத்தனை விதமாக அடிக்கலாமோ அத்தனை விதத்திலும் எங்களிடம் ஃபோல்டர் இருந்தது. பான் எண்ணை முன்னால் போட்டோம், அது 10 எழுத்து, ஒருவருக்கு ஒன்றுதான். வருடத்தில்தான் பெரிய சண்டை: ஒருவர் 2024-25 என்று நிதியாண்டைப் போடுவார், இன்னொருவர் அதே கணக்குக்கு 2025-26 என்று, அந்த வருமானத்துக்கு வரி மதிப்பிடும் அடுத்த வருடமான மதிப்பீட்டு ஆண்டைப் போடுவார், இரண்டும் சரி, ஆனால் ஃபைல் கிடைக்காது. நிதியாண்டு மட்டும்தான் என்று சார் தீர்த்துவைத்தார். தேதி போட்டால் 2025-03-31 என்று வருடம் முதலில், அப்போதுதான் பெயர்வரிசையும் காலவரிசையும் ஒன்றாக வரும்.

ஃபைல் பெயரை வைத்துத் தேடும் எவ்ரிதிங் என்ற மென்பொருளில் பான் எண்ணின் நாலு எழுத்தை அடித்தாலே ஃபைல் வந்து நிற்கிறது, அதனால் ஃபோல்டருக்குள் ஃபோல்டர் என்று ஆழமாகப் போகத் தேவையில்லை. கிளையண்ட், வருடம், அவ்வளவுதான். ஜிஎஸ்டி பார்க்கிறவர்கள் மட்டும் மாதவாரியாக இன்னொரு அடுக்கு வேண்டும் என்றார்கள், சரி என்று கொடுத்துவிட்டோம்.