மலைக்காரனும் லைஃப் ராஃப்டும்

கப்பல் வேலைக்குப் போக நினைக்கும் கோத்தகிரிப் பையன்கள் என்னைப் பார்த்தால் கேட்பது ஒன்றுதான்: "அண்ணே, கப்பல் ஏறும்முன் எடுக்கும் உயிர்காப்புப் பயிற்சியில் நீச்சல் தெரியாமல் பாஸாகிவிடலாமா?" அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. மலையில் நீந்தப் பழக இடம் எங்கே இருக்கிறது? ஊட்டி ஏரியில் படகுதான் ஓட்டலாம். எங்கள் வீட்டில் எனக்கு முன் கப்பல் ஏறியவர் தாத்தா மட்டுமே. 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தின்படி இலங்கையிலிருந்து அனுப்பப்பட்டு, தலைமன்னாரில் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கித் தேயிலைத் தோட்டத்துக்கு வந்தவர்.

இண்டோஸ் எண் (கப்பல் பணியாளர்களுக்கான பதிவு எண்), மருத்துவச் சான்று எல்லாம் அலைச்சல்தான். ஆனால் பொறுமை இருந்தால் முடிந்துவிடும். எனக்கு வயிற்றைக் கலக்கியது சென்னைப் பயிற்சி நிலையத்தின் குளம். லைஃப் ஜாக்கெட்டோடு நீந்த வேண்டும்; அதைக் கழற்றிவிட்டு மிதக்கவும் வேண்டும். உயரத்திலிருந்து குதிக்கும்போது ஒரு கை மூக்கையும் வாயையும் பொத்த வேண்டும், மறு கை ஜாக்கெட்டைக் கீழ்நோக்கி அழுத்த வேண்டும், பார்வை நேராக இருக்க வேண்டும். கீழே பார்த்தால் உடம்பு முன்னால் சாய்ந்துவிடும்.

லைஃப் ராஃப்ட் என்பது ஆபத்தில் கப்பலை விட்டு ஏறிக்கொள்ளும், வாயுவால் ஊதி விரியும் மிதவை. அது கவிழ்ந்தால் நிமிர்த்துவதுதான் எனக்குப் பிடித்த பாடம். வாயு உருளை இருக்கும் பக்கம் ஏறி நின்று, அடியிலுள்ள பட்டையைப் பிடித்துப் பின்னால் சாய வேண்டும். காற்று எதிர்ப்பக்கத்திலிருந்து தூக்கிக் கொடுத்தால் ஆள் பலம் அதிகம் வேண்டாம். நிமிர்ந்ததும் அது நம் மேலேயே வந்து விழும். பதறாமல் மல்லாந்து, கையால் அடித்தளத்தைத் தள்ளிக்கொண்டே வெளியே வர வேண்டும். இது நன்றாக நீந்தத் தெரிந்த கடலோரப் பையன்களுக்கும் புதிது. அதில் எனக்குக் கொஞ்சம் சந்தோஷம்!

ராஃப்டை இறக்கும்முன் அதன் பெயின்டர் எனும் இணைப்புக் கயிறு கப்பலோடு கட்டப்பட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இல்லையென்றால் ராஃப்ட் தன் வழியே போய்விடும். ராஃப்டை இறக்க ஆளில்லாமல் கப்பல் மூழ்கினாலும், 1.5 முதல் 4 மீட்டர் ஆழத்துக்குள் ஹைட்ரோஸ்டேடிக் ரிலீஸ் எனும், நீரழுத்தத்தால் இயங்கும் கருவி அதைத் தானே விடுவிக்கும்.

குளிரைப் பற்றிய வகுப்பில் மற்றவர்கள் கொட்டாவி விட்டார்கள். ஜனவரி உறைபனியில் நனைந்த ஸ்வெட்டரோடு நின்றவனுக்கு அது கதையில்லை. கப்பலை விட்டு இறங்கும்முன் கிடைத்த உடையையெல்லாம் போட்டுக்கொள்ள வேண்டும். ஏறியதும் ராஃப்டின் தரையையும் ஊதிவிட்டுக் கூடாரத்தை மூட வேண்டும். தண்ணீர் ஆளுக்கு 1.5 லிட்டர்தான். காயம்பட்டவர்களைத் தவிர யாருக்கும் முதல் 24 மணி நேரம் ஒரு சொட்டும் கிடையாது. வாந்தி வந்தால் அந்த நீரும் வீண் என்பதால், ஏறியவுடனே எல்லோரும் குமட்டலைத் தடுக்கும் மாத்திரை விழுங்க வேண்டும்.

ஆகவே தம்பிகளே, பயிற்சிக்குப் பணம் கட்டும்முன் மேட்டுப்பாளையமோ கோவையோ இறங்கி, பயிற்றுநர் இருக்கும் குளமாகப் பார்த்து மிதக்கப் பழகுங்கள். பவானி ஆற்றில் வேண்டாம். ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை புதுப்பிப்புப் பயிற்சியும் உண்டு. எனக்கு இந்த ஆண்டு அதன் முறை.