கீரிமலையில் முழுகிவிட்டு மயிலிட்டிக்கு

செத்துப்போன தகப்பனுக்கு விரதம் ஆடி அமாவாசையில், தாய்க்குச் சித்திரா பௌர்ணமியில். யாழ்ப்பாணத்தில் எங்கள் கணக்கு இதுதான். அம்மப்பாவுக்காக மாமா எல்லா ஆடியிலும் விரதம் பிடிப்பார். 2017-இல் மட்டும் முதல்நாள் இரவு வீட்டில் ஒருவருக்கும் நித்திரை இல்லை. இருபது நாளுக்கு முன்புதான், ஜூலை 3-ஆம் திகதி, மயிலிட்டித் துறைமுகத்தைச் சுற்றித் தான் பிடித்து வைத்திருந்ததில் 54 ஏக்கரை இராணுவம் சனத்துக்குத் திருப்பி விட்டிருந்தது. அம்மம்மாவின் வளவும் அதற்குள் வந்திருந்தது.

1990 ஜூனில் சண்டை மூண்டபோது மயிலிட்டியும் சேர்ந்த வலிகாமம் வடக்குச் சனம் உடுத்த உடுப்போடு ஓடியது. அம்மம்மா முற்றத்தில் கருவாட்டைக் காயப்போட்டபடியே வந்தவர். வீட்டைவிட அந்தக் கருவாட்டை நினைத்துத்தான் அதிகம் கவலைப்படுவார். பிறகு அந்த இடமெல்லாம் சனம் போகமுடியாத உயர் பாதுகாப்பு வலயம் ஆனது. ஊர் திறப்பதற்கு முந்தைய வருடம், அம்மம்மா மல்லாகத்தில் தகரக் கொட்டிலிலேயே கண்ணை மூடிவிட்டார்.

விடியவே மாவிட்டபுரத்தில் பஸ்ஸால் இறங்கினோம். கந்தசுவாமி கோயில் திருவிழாவின் தீர்த்தமும் ஆடி அமாவாசையன்றுதான். முருகன் தீர்த்தமாடக் கீரிமலைக்கு எழுந்தருளுவார். குதிரை முகத்தோடு வந்த சோழ இளவரசி மாருதப்புரவீகவல்லி கீரிமலையில் முழுகி முகம் மாறினாள், அவள் கட்டிய கோயில் இது என்பது ஐதீகம். மா என்றால் குதிரை. மா விட்ட புரம். அவளுக்காக வந்த காங்கேயன் என்கிற முருகன் விக்கிரகம் இறங்கிய துறைதான் காங்கேசன்துறையாம்.

மாமா வாசலில் நின்று வேறொரு கதை சொன்னார். 1968-இல் ஒடுக்கப்பட்ட சாதிச் சனம் உள்ளே போய்க் கும்பிட உரிமை கேட்டுச் சத்தியாக்கிரகம் இருந்தது இந்த வாசலில்தான். "ஆமி வேலி போட முதலே நாங்களும் வேலி போட்டிருந்தனாங்கள்" என்றார். அம்மாவுக்கு அந்தப் பேச்சு பிடிக்கவில்லை. எனக்குப் பிடித்தது.

கீரிமலைக் கேணியில் கால் வைக்க இடமில்லை. பெடியள் மதிலில் ஏறித் தொபீர் தொபீரென்று குதிக்கிறார்கள். மதிலுக்கு அந்தப் பக்கம் கடல் அடிக்கிறது, கேணித் தண்ணீரில் உப்பே இல்லை. மழைத் தண்ணீர் சுண்ணாம்புக் கல்லுக்குள் இறங்கி, நிலத்தடியால் ஓடிவந்து இங்கே ஊறுகிறது. கீரி முகம் கொண்ட நகுல முனிவருக்கு முகம் திருந்தியதும் இந்தத் தண்ணீரில்தானாம். பெண்களுக்குத் தனிக் கேணி. அம்மா மூன்று முறை முழுகி எழும்பியபோது கண் சிவந்திருந்தது. தண்ணீராலா, வேறெதனாலா என்று நான் கேட்கவில்லை.

மாமா ஐயர் முன்னால் தர்ப்பை போட்டு, எள்ளும் தண்ணீரும் இறைத்தார். பிறகு நகுலேஸ்வரம். இலங்கையின் ஐந்து பெரிய சிவன் கோயில்களான பஞ்ச ஈஸ்வரங்களில் ஒன்று. 1990 ஒக்டோபரில் விமானக் குண்டு விழுந்து சிதைந்த கோயில், திருத்தி 2012-இல் கும்பாபிஷேகம் செய்தார்கள். உள்ளே நல்ல குளிர்ச்சி. அம்மா சுவாமியிடம் என்ன கேட்டாரோ, வெகு நேரம் எழும்பவே இல்லை.

மயிலிட்டிக்கு ஆட்டோ பிடித்தோம். கூரை இல்லாத சுவர்கள், சுவருக்குள் மரங்கள், ஆள் உயரப் பற்றை. அம்மாவுக்கு ஒழுங்கை பிடிபடவில்லை. மேலும் கீழும் மூன்று தரம் நடந்தோம். கடைசியில் கிணற்றை வைத்துத்தான் வளவைக் கண்டுபிடித்தோம். வீடு இல்லை. அடுக்களை இருந்த இடத்தில் இரண்டு பாய் அகலத்துக்குச் சிவப்புச் சீமெந்து நிலம் மட்டும் மிச்சம். அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு அதில் ஏறினார்.

வேம்படியில் வைரவர் இருந்தவர். சூலத்தைக் காணவில்லை. மாமா பற்றையை விலக்கி, சூலம் நட்டிருந்த கல்லைத் தேடி எடுத்தார். கழுவுவதற்குத் தண்ணீர் எடுக்கக் கிணற்றில் வாளி இல்லை. கீரிமலையில் போத்தலில் பிடித்து வந்ததை ஊற்றினோம். கற்பூரம் கொளுத்தித் தேங்காய் உடைத்தோம்.

வளவின் பின்பக்கம் முள்கம்பி. அந்தப் பக்கத்தை அப்போது இராணுவம் இன்னும் விட்டிருக்கவில்லை. பக்கத்து வீட்டு மாமி கம்பியைப் பிடித்தபடி, இருபது யார் தூரம் தள்ளி இருந்த தன் வளவைப் பார்த்துக்கொண்டு நின்றார். அம்மா தட்டத்தை அவரிடம் கொண்டுபோனார். அவர் தீபத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிவிட்டு, தட்டத்தை வாங்கிக் கம்பிக்கு அந்தப் பக்கமாக ஒருமுறை காட்டினார். காவலரணில் நின்ற ஆமிக்காரப் பெடியன் பார்த்தான், ஒன்றும் சொல்லவில்லை.

வீட்டுக்கு வந்து காத்தோட்டிக்காய்க் கறியோடு மாமா விரதம் முடித்தபோது மூன்று மணி தாண்டிவிட்டது. அந்தக் காய் கைக்கும், ஆனால் அன்றைக்கு அது இல்லாமல் படையல் இல்லை. கை கழுவும்போது அம்மா சொன்னார்: "அடுத்த முறை கயிறும் வாளியும் கொண்டுபோக வேணும்."