கண்டன்சர் மாற்றம்: மூன்று மாலைகளைத் தின்ற ஒரு போல்ட்

ஞாயிறு மதியம். வெளியே 34 டிகிரி. காரின் நடு வென்டில் செருகியிருந்த தெர்மாமீட்டர் 8 டிகிரியில் நின்றது. பார்க்கிங்கில் நின்றபடியே இன்ஜின் ஓடிக்கொண்டிருக்க, பின் இருக்கையில் உட்கார்ந்து பார்த்த அம்மா, "கண்ணாடியை ஏற்றிவிடுடா, குளிரெல்லாம் வெளியே போகிறது" என்றார். இந்தக் கோடையில் அந்தக் காருக்குள் யாரும் சொல்லாத வார்த்தை அது. முன் பம்பர் இன்னும் வீட்டுக் கூடத்தில்தான் கிடக்கிறது. இருந்தாலும் கார் ஏசியின் கண்டன்சரை நானே மாற்றிய கதையை இன்றே எழுதிவிட வேண்டும் என்று தோன்றிவிட்டது.

கார் 2012 மாடல் பெட்ரோல் ஹேட்ச்பேக். நிற்பது சென்னை திருவான்மியூரில், கடற்கரையிலிருந்து நடந்தே போகும் தூரத்தில். மார்ச்சில் ஏசியின் குளிர் குறைந்தது. "கேஸ் இறங்கியிருக்கிறது, நிரப்பினால் சரியாகிவிடும் சார்" என்றார்கள் ஏசி கடையில்; நிரப்பினேன். ஐந்து வாரத்தில் மறுபடியும் சூடான காற்று. வேறொரு இடத்தில் கேட்டேன், அதே பதில், அதே வைத்தியம். இம்முறை மூன்று வாரம்கூடத் தாங்கவில்லை. ஏசி என்பது மூடிய வளையம். அதில் கேஸ் தேய்ந்து தீராது. குறைந்தால் எங்கோ ஓட்டை என்றுதான் பொருள். ஓட்டைப் பானையில் மறுபடியும் மறுபடியும் தண்ணீர் ஊற்றுவதை ஒரு தொழில்முறையாகவே செய்கிறார்கள் என்பதில் எனக்கு உண்மையான கோபம் உண்டு. பணம் போவது ஒரு பக்கம். கார் ஏசியில் ஓடும் ஆர்-134ஏ கேஸின் புவி வெப்பமாக்கும் திறன், நூறாண்டுக் கணக்கில், கார்பன் டை ஆக்சைடைப் போல 1,430 மடங்கு. என் காரிலிருந்து இரண்டு தவணையில் போனது ஏறக்குறைய 700 கிராம். பெருக்கிப் பார்த்தால் ஒரு டன் வருகிறது. அந்தக் கணக்கைப் போட்ட இரவில்தான் இனி நாமே பார்ப்போம் என்று முடிவெடுத்தேன்.

அழுத்தம் அளக்கும் கேஜ் செட்டை மாட்டினேன்; நீல கேஜ் அழுத்தம் குறைந்த பக்கத்துக்கு, சிவப்பு அழுத்தம் கூடிய பக்கத்துக்கு. இன்ஜின் ஓடாமல், காலை 32 டிகிரியில், நீலம் சிவப்பு இரண்டும் 55 பி.எஸ்.ஐ. காட்டின. இங்கே ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். நின்ற நிலை அழுத்தம் எவ்வளவு கேஸ் இருக்கிறது என்று சொல்லாது. உள்ளே ஒரு சொட்டுத் திரவம் மிஞ்சியிருந்தாலும் 32 டிகிரிக்கு நூறையொட்டிய பி.எஸ்.ஐ.தான் காட்டும், பாதி இருந்தாலும் அதே எண், முழுதாக இருந்தாலும் அதே எண். "நின்ற அழுத்தம் நன்றாக இருக்கிறது, கேஸ் போதும்" என்று ஒருவர் சொன்னால் நம்பிவிடாதீர்கள். 55 என்றால் திரவம் முழுவதும் போய், வெறும் ஆவிதான் மிச்சம். இன்ஜினை ஓட்டியபோது நீலம் 10-க்குக் கீழே விழுந்தது, சிவப்பு நூறைத் தாண்டவில்லை. அரை நிமிடத்தில் நிறுத்திவிட்டேன். கம்ப்ரசருக்கு எண்ணெயைச் சுமந்து வருவது கேஸ்தான். கேஸ் இல்லாமல் ஓட்டினால் அடுத்து கம்ப்ரசரையும் மாற்ற நேரிடும்.

மிச்சமிருந்த கேஸை உறிஞ்சும் இயந்திரம் வைத்திருக்கும் கடை ஒன்றில் கொடுத்து எடுக்கச் செய்தேன். காற்றில் திறந்துவிட மனம் வரவில்லை. பிறகு எங்கள் தெருவில் வீட்டு ஏசி பழுது பார்க்கும் அண்ணனிடம் கசிவைத் தேட நைட்ரஜன் சிலிண்டரும் ரெகுலேட்டரும் கேட்டேன். "சிலிண்டர் தருகிறேன் தம்பி, ஆனால் ரெகுலேட்டரை நான்தான் திறப்பேன்" என்று கூடவே வந்தார். 150 பி.எஸ்.ஐ. ஏற்றினோம். ஆக்சிஜன் சிலிண்டரை வைத்துச் சோதிக்கிறேன் என்று யாராவது கிளம்பினால் கையைப் பிடித்துத் தடுங்கள். அழுத்தத்தில் இருக்கும் ஆக்சிஜனும் உள்ளே இருக்கும் எண்ணெயும் சேர்ந்தால் வெடிக்கும்.

பம்பரைக் கழற்றியதுமே பாதி விடை கிடைத்துவிட்டது. ரேடியேட்டருக்கு முன்னால் நின்று, சூடான கேஸைக் குளிர்வித்துத் திரவமாக்குவது கண்டன்சர். அதன் கீழ் இடது மூலையில் உள்ளங்கை அளவுக்குக் கருப்பாக, பிசுபிசுப்பாக ஒரு திட்டு. மற்ற இடமெல்லாம் உலர்ந்த செம்புழுதி. அங்கே மட்டும் புழுதி அப்பிப் பிடித்திருந்தது. கேஸ் கசியும்போது எண்ணெயையும் கொஞ்சம் இழுத்துக்கொண்டு வரும், அந்த எண்ணெயில் தூசி ஒட்டும். ஷாம்பூ கரைத்த நீரைத் தூரிகையால் தடவினேன். முதலில் ஒன்றுமில்லை. ஒரு நிமிடம் கழித்து, தட்டைக் குழாய் பக்கவாட்டுத் தூணில் சேரும் இடத்தில், கஞ்சி கொதிப்பதற்கு முன் ஓரத்தில் கட்டும் நுரை போல, வெள்ளையாக, மிக மெதுவாக ஊறி எழுந்தது. துடைத்தேன், மறுபடியும் எழுந்தது. அண்ணன் டார்ச்சை அணைத்துவிட்டு, "வேறெங்கும் தேடாதே" என்றார்.

அலுமினியத்துக்கு ஒட்டு வைத்தால் போதாதா என்று கேட்பவர்களுக்காகச் சொல்கிறேன். ஓட்டையைச் சுற்றியிருந்த ஃபின்களை, அதாவது குழாய்களுக்கு நடுவிலுள்ள மெல்லிய தகடுகளை, நகத்தால் தொட்டாலே வெள்ளை மாவாக உதிர்ந்தன. உப்புக் காற்றும், கண்டன்சருக்கும் ரேடியேட்டருக்கும் நடுவில் ஈரம் காயாமல் தேங்கிய சேறும் சேர்ந்து அடி வரிசை முழுவதையும் அரித்திருந்தன. இன்று ஒன்றை அடைத்தால் அடுத்த மாதம் பக்கத்துக் குழாய். மாற்றுவது ஒன்றே வழி.

கார் உதிரிபாகக் கடைகள் உள்ள ஜி.பி. சாலையில் நான்கு கடை ஏறி இறங்கினேன். 3,800 ரூபாய்க்குக் கிடைத்தது. வாங்கும் முன் மூன்று விஷயம் பார்த்தேன்: இரு முனைகளிலும் ரப்பர் மூடி இறுக்கமாக இருக்கிறதா, பைப் சேரும் பிளாக்குகளின் கோணம் பழையதோடு ஒத்துப்போகிறதா, பக்கத்தில் ஈரத்தை உறிஞ்சும் டிரையர் சேர்ந்தே வருகிறதா. அளவெடுக்கப் பழைய கண்டன்சரின் படங்களை எல்லாப் பக்கமும் எடுத்துக்கொண்டு போனது உதவியது. புதுப்பேட்டையில் பழையது ஆயிரத்துக்கே கிடைக்கும் என்றார் ஒரு நண்பர். புதுப்பேட்டை எனக்குப் பிடித்த இடம். கதவுக் கைப்பிடி, கண்ணாடி மோட்டார் எல்லாம் அங்கேதான் வாங்குகிறேன். கண்டன்சர் மட்டும் கூடாது. டிரையருக்குள் இருக்கும் ஈரம் உறிஞ்சும் மணிகள் சென்னைக் காற்றில் மூடியில்லாமல் சில மணி நேரம் கிடந்தாலே நிறைந்துவிடும். பிறகு அது இருந்தும் பயனில்லை.

இனி அந்த போல்ட்.

கண்டன்சரில் இரண்டு பைப் சேர்கின்றன. கீழே திரவம் வெளியேறும் பைப். அதன் போல்ட் ராட்செட்டை வைத்ததும் கழன்றது. மேலே கம்ப்ரசரிலிருந்து சூடான கேஸ் வரும் பைப். பைப்பின் முனையில் ஒரு சிறு அலுமினிய பிளாக், அதன் துளை வழியாகப் போய் கண்டன்சரின் மரையில் இறங்கும் ஒரே ஒரு எம்6 போல்ட், 10 மி.மீ. தலை. எஃகு போல்ட், அலுமினிய உடம்பு, நடுவில் பன்னிரண்டு ஆண்டு உப்புக் காற்று. தலையைச் சுற்றி வெள்ளையாகப் பூத்திருந்தது.

முதல் மாலை, துரு இளக்கும் எண்ணெயை விட்டு ஒரு மணி நேரம் காத்திருந்து திருப்பினேன். போல்ட் திரும்பவில்லை, பிளாக்கே திரும்பப் பார்த்தது. அதோடு சேர்ந்து பைப் முறுக ஆரம்பித்ததைப் பார்த்ததும் கையை எடுத்துவிட்டேன். அந்த பைப் மெல்லிய அலுமினியம், ஒரு முறை மடங்கினால் அதுவும் போய்விடும். இரண்டாம் மாலை, பிளாக்கை ஸ்குரூ ஸ்பேனரால் கவ்விப் பிடித்துக்கொண்டு, மறு கையால் போல்ட்டை முதலில் இறுக்கும் பக்கம் சிறிது அழுத்தி, பிறகு தளர்த்தும் பக்கம் முயன்றேன். பன்னிரண்டு முனை சாக்கெட் நழுவித் தலையின் ஓரங்களைத் தேய்த்தது. இப்படிப்பட்ட இடத்தில் ஆறு முனை சாக்கெட்டைத் தவிர வேறெதையும் வைக்காதீர்கள். அன்று இரவு மறுபடியும் எண்ணெய், சுத்தியலால் தலையில் சின்னச் சின்னத் தட்டல்கள்.

மூன்றாம் மாலை ஹீட் கன் எடுத்தேன். சூடேறும்போது அலுமினியம் எஃகைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு விரியும். அதனால் பிளாக்கைச் சூடாக்கினால் போல்ட்டைப் பிடித்திருக்கும் பிடி தளரும். தீச்சுடர் மட்டும் கூடாது. உள்ளே மிச்சமிருக்கும் ஆர்-134ஏ தீயில் சிதைந்தால் ஹைட்ரஜன் ஃபுளோரைடு என்ற நச்சு வாயு உண்டாகும். ஹீட் கன் போதும், பொறுமையாக ஐந்து நிமிடம்.

சூடாக்கிக் காத்திருந்த அந்த ஐந்து நிமிடத்தில்தான் ஒன்று உறைத்தது. மரை இருப்பது பழைய கண்டன்சரில். அது குப்பைக்குப் போகிற பொருள். போல்ட் உடைந்தால் என்ன? உடைந்த துண்டு கண்டன்சரோடு போய்விடும். காப்பாற்ற வேண்டியது பைப்பின் பிளாக்கை மட்டும்தான். இரண்டு மாலையாக நான் காப்பாற்ற முயன்றது போல்ட்டை! பிளாக்கை ஸ்பேனரால் அசையாமல் பிடித்துக்கொண்டு, முழு பலத்தோடு திருப்பினேன். "டக்" என்ற சத்தத்தோடு தலை மட்டும் சாக்கெட்டுக்குள் வந்தது. பிளாக் உடனே வரவில்லை, போல்ட்டின் தண்டு துளைக்குள்ளும் பூத்துப் பிடித்திருந்தது. மறுபடியும் சூடு, மறுபடியும் எண்ணெய், மரக்கட்டையை வைத்து இரு பக்கமும் மாற்றி மாற்றித் தட்டல். முடி அகலம் அசைந்தது. பிறகு இன்னொரு முடி அகலம். நாற்பது நிமிடம் கழித்து பைப் முழுசாக என் கையில் இருந்தது, ஒரு நெளிவுகூட இல்லாமல். அந்தச் சந்தோஷத்துக்கு ஈடாக இந்த வேலையில் வேறெதையும் சொல்ல மாட்டேன், 8 டிகிரி உட்பட.

உடனே முனையைப் பிளாஸ்டிக் பையால் மூடிக் கட்டினேன். இணைப்பில் கேஸ் கசியாமல் அடைக்கும் ரப்பர் வளையமான ஓ-ரிங் உட்காரும் பள்ளத்தில் இருந்த வெள்ளைப் பூப்பை மூங்கில் குச்சியால் சுரண்டினேன். உப்புத்தாள் போட்டால் கோடு விழும், கோடு வழியே கேஸ் போகும். புதிய பச்சை ஓ-ரிங்குகளில் எண்ணெய் தடவி மாட்டினேன். பழையது எவ்வளவு நன்றாகத் தெரிந்தாலும் திரும்பப் போடக் கூடாது. புதிய கண்டன்சருக்காக 30 மில்லி பேக் (PAG) எனும் கம்ப்ரசர் எண்ணெயை ஊசிக் குழலால் விட்டேன். இந்த எண்ணெய் காற்றிலிருந்து ஈரத்தை உறிஞ்சும், எனவே திறந்த டப்பாவை அடுத்த வருடத்துக்கு என்று எடுத்து வைக்காதீர்கள். புதிய போல்ட்டின் மரையில் மெல்லியதாக கிரீஸ் தடவி 10 நியூட்டன் மீட்டரில் இறுக்கினேன். அடுத்து இதைக் கழற்றப் போகிறவர் நானாகவும் இருக்கலாம்.

நைட்ரஜனில் மறுபடியும் 150 பி.எஸ்.ஐ., இரண்டு மணி நேரம், முள் அசையவில்லை. பலர் வேக்யூம் நின்றாலே கசிவில்லை என்று முடித்துக்கொள்கிறார்கள். வேக்யூமில் வெளிக்காற்று உள்ளே தள்ளுவது 15 பி.எஸ்.ஐ.க்கும் குறைவு, ஓடும்போது உள்ளிருந்து தள்ளுவது 200-க்கு மேல். இரண்டும் வேறு சோதனை. பிறகு உள்ளிருக்கும் காற்றையும் ஈரத்தையும் இழுக்க வேக்யூம் பம்ப்பை 45 நிமிடம் ஓட்டினேன். கேஜ் 29 அங்குலத்தை (பாதரச அளவில்) தொட்டது. 27 அங்குலத்தில் நின்றுவிட்டால் போதாது. நம் ஊர் 32 டிகிரியில் தண்ணீர் கொதித்து ஆவியாக 28½ அங்குலத்துக்கு மேலாவது போக வேண்டும். அந்த ஒன்றரை அங்குலத்தில்தான் உள்ளே இருக்கும் ஈரம் வெளியேறுவதும் தங்குவதும் இருக்கிறது. இரவு முழுவதும் விட்டு, விடிந்ததும் பல் துலக்காமல் போய்ப் பார்த்தேன். முள் அதே இடத்தில்.

கேஸ் எடைக் கணக்கில்தான். பானெட் அடியில் ஒட்டிய சீட்டு 350 கிராம் என்கிறது, கேனில் 450. சமையலறைத் தராசில் கேனை வைத்து, இன்ஜின் ஓடாதபோது சிவப்புப் பக்கம் கொஞ்சம் திரவம். பிறகு சிவப்பு வால்வை மூடி, இரண்டு முறை சரிபார்த்து, இன்ஜினை ஓட்டி நீலப் பக்கம் ஆவியாக மிச்சம். இன்ஜின் ஓடும்போது சிவப்பு திறந்திருந்தால் கேன் கையிலேயே வெடிக்கலாம். 350-ல் மூடினேன். இன்ஜின் நிமிடத்துக்கு 1,500 சுற்றில் ஓடும்போது நீலம் 32 பி.எஸ்.ஐ., சிவப்பு 210.

பம்பரை மாட்டாததற்குக் காரணம் கிளிப்புகள். கழற்றியதில் ஏழு உடைந்தன, புதியவை வியாழன் வரும். அதற்குள் பம்பரின் கீழ்த் துளைக்கு உள்பக்கம் ஒரு அலுமினிய வலை வைக்கப் போகிறேன், கல் படாமல் இருக்க. கண்ணி பெரிதாக இருக்க வேண்டும், இல்லையென்றால் காற்று குறையும். 8 மி.மீ. கண்ணியில் ஒரு துண்டு வாங்கி வைத்திருக்கிறேன். முன்பக்கம் திறந்து கிடக்கும்போதே ரேடியேட்டர் கூலன்ட்டையும் மாற்றிவிடலாமா என்று ஒரு யோசனை ஓடுகிறது. அடி ஹோஸ் பார்க்கக் கொஞ்சம் வீங்கியது போலத் தெரிகிறது. வலை வைத்த படமும் ஹோஸின் கதையும் அடுத்த வாரம். மாதம் ஒரு முறை கண்டன்சரை வெறும் தண்ணீரால், சாதாரண ஹோஸில், கழுவுவது இன்றிலிருந்து தொடங்கிவிட்டது. முதல் கழுவல் சற்று முன்புதான் முடிந்தது. புது ஃபின்களுக்கு நடுவிலிருந்து தண்ணீர் தெளிவாக வடிந்துகொண்டிருக்கிறது.