உம் கொட்டும் வேலை

கொழும்பில் வேலை செய்யும் என் சித்தி மகள் போன தீபாவளிக்கு ஊருக்கு வந்தபோது ஒரு படப் புத்தகம் கொண்டுவந்து தந்தாள். அட்டையைத் தாண்டினால் கடைசிப் பக்கம் வரைக்கும் ஓர் எழுத்துக்கூட இல்லை. ஒரு சிறுமி, ஒரு நாய், பக்கமெல்லாம் பனி. இலங்கை மலைநாட்டில், தலவாக்கலைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் நான் முன்பள்ளி டீச்சர்; பதினேழு பிள்ளைகள். லீவு முடிந்த அன்றே புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு போனேன்.

முதல் நாளைக் கெடுத்தது நான்தான். பக்கத்தைத் திருப்பத் திருப்ப, "இது என்ன? இது யார்? என்ன நிறம்?" என்று கேட்டுக்கொண்டே போனேன். "நாய்", "பிள்ளை", "சிவப்பு" என்று பதில் வந்தது. பத்து நிமிடத்தில் புத்தகம் முடிந்தது, கதை பிறக்கவில்லை. தரையில் வெள்ளையாகக் கிடந்ததைக் காட்டியபோது மட்டும் ஒருத்தி, "யூரியா" என்றாள். "மூட்டை கொட்டிவிட்டது, கணக்கப்பிள்ளை ஏசப் போகிறார்" என்று இன்னொருவன் சேர்த்தான். நான் என்ன செய்தேன் தெரியுமா? "இல்லை, அது பனி" என்று திருத்தினேன். அதோடு எல்லோரும் வாயை மூடிக்கொண்டார்கள். நினைத்தால் இன்றும் வெட்கமாக இருக்கிறது.

அன்று இரவு தாத்தா ஞாபகம் வந்தது. மன்மதன் கதையை ஆடும் காமன் கூத்தில் ரதி வேடம் கட்டிய மனிதர். மழைக்காலத்தில் இஸ்தோப்பில், அதாவது வீட்டு முன்திண்ணையில், சாக்கை விரித்து எங்களை உட்காரவைத்துக் கதை சொல்வார். ஒரே நிபந்தனை, நாங்கள் உம் கொட்ட வேண்டும். உம் நின்றால் கதையும் நின்றுவிடும். "தூங்கிவிட்டீர்களா, நான் சுவருக்கா சொல்கிறேன்?" என்பார். படம் மட்டும் உள்ள புத்தகத்தில் கதை சொல்ல வேண்டியவர் பிள்ளை. உம் கொட்ட வேண்டியவள் நான். இது எனக்கு உறைக்க ஒரு நாள் முழுதும் வீணாயிற்று.

மறுபடி எடுத்தபோது முதல் சுற்றில் யாரும் பேசவில்லை. பக்கங்களை மெதுவாகத் திருப்பினேன், அவ்வளவுதான். ஒரு முறை முழுதாகப் பார்த்தால்தான் முடிவு தெரியும். முடிவு தெரிந்தால்தான் தொடக்கத்தில் எதைச் சொல்வது என்று புரியும். பெரியவர்களுக்கும் அப்படித்தானே? இரண்டாவது சுற்றில் ஒரு பிள்ளை சொல்ல, நான் "உம்" என்றேன். தடுக்கி நின்றால் "பிறகு?" என்றேன். அதற்கு மேல் ஒன்றும் கேட்பதில்லை என்று எனக்கு நானே கட்டுப்பாடு போட்டுக்கொண்டேன். கஷ்டமான கட்டுப்பாடு. டீச்சர் வேலைக்கு வந்தவளுக்கு வாய் சும்மா இருக்காது.

ஏழாம் பக்கத்தில் அந்த நாய் காணாமல் போகும். அப்பாயியோடு வளரும் ஒரு பையன், மூன்று மாதமாக "ஆமாம்", "இல்லை" தவிர வேறெதுவும் பேசாதவன், அன்று திடீரென்று சொன்னான்: "நாய் தொலையவில்லை. கொழும்புக்கு வேலைக்குப் போயிருக்கிறது. தீபாவளிக்கு வரும். பெட்டி கொண்டுவரும்." நான் உம் கொட்டினேன். கடைசிப் பக்கத்தில் நாய் வெறுங்கையோடுதான் வருகிறது. அதற்கும் அவனிடம் பதில் இருந்தது: "பெட்டி பஸ்ஸில் விட்டுவிட்டது."

அவர்கள் சொல்வதைச் சொன்னபடியே கொப்பியில் எழுதிவைக்கிறேன், பேச்சு மொழியைத் திருத்தாமல். பிறகு அவர்களுக்கே வாசித்துக் காட்டுவேன். முதல் வாரக் குறிப்புகளில் "பிறகு, பிறகு, பிறகு" மட்டும்தான். இரண்டு மாதத்தில் "ஆனால்" நுழைந்தது, அதற்குப் பின்னால் "ஏனென்றால்". ஓர் "ஏனென்றால்" கிடைத்த அன்று எனக்குச் சம்பளம் கூடியது போல இருக்கும்.

இதை ஆராய்ந்தவர்கள் இருக்கிறார்கள். அமெரிக்கப் படக்கதை ஆசிரியர் மெர்சர் மேயர் 1969இல் வெளியிட்ட எழுத்தில்லாத தவளைக் கதை ஒன்று உண்டு. ஒரு பையனும் அவன் நாயும் தப்பியோடிய தவளையைத் தேடுவார்கள்; 24 படங்கள். மொழி ஆய்வாளர்கள் ரூத் பெர்மனும் டான் ஸ்லோபினும் 1994இல் கொண்டுவந்த நூலில், ஆங்கிலம், ஜெர்மன், ஸ்பானிஷ், ஹீப்ரு, துருக்கி பேசும் 3, 4, 5, 9 வயதுப் பிள்ளைகளும் பெரியவர்களும் அதே படங்களைப் பார்த்துச் சொன்ன கதைகள் அலசப்பட்டிருக்கின்றன. சின்னவர்கள் ஒவ்வொரு படத்தையும் தனித்தனியாகச் சொல்கிறார்கள். வளர வளரத்தான் "இன்னும் தவளையைத் தேடுகிறார்கள்" என்ற இழை அறுந்துபோகாமல் கதை முழுதும் ஓடுகிறது. வாசித்தபோது என் "நாய், பிள்ளை, சிவப்பு" மேல் கொஞ்சம் இரக்கம் வந்தது. பாதித் தப்பு என் கேள்வியில், பாதி அவர்கள் வயதில்.

தாய்மாருக்கு இது பிடிக்கவில்லை. "எழுத்தே இல்லாத புத்தகத்தில் என்ன படிப்பு டீச்சர்? முதலாம் தரத்துக்குப் போனால் அ, ஆ கேட்பார்களே" என்று ஒருவர் வாசலில் நின்று கேட்டார். ஐந்து வயதிலேயே ஐந்தாம் தரப் புலமைப்பரிசில் பரீட்சைப் பயம் பிடித்துவிடுகிறது. அ, ஆவும் சொல்லிக்கொடுக்கிறேன் என்றேன். முகம் தெளியவில்லை.

ஒரு புத்தகத்தை எத்தனை நாள்தான் புரட்டுவது? நானே ஒன்று வரைந்தேன். பதினான்கு தாள், நடுவில் தைக்கத் தடித்த நூல். ஓர் ஆட்டுக்குட்டி முன்பள்ளிக்குள் புகுந்து வரவுப் பதிவேட்டைத் தின்கிற கதை. ஆடு நாய் மாதிரி வந்துவிட்டது. பிள்ளைகள் பெரிய மனதோடு பொறுத்துக்கொண்டார்கள். வரைந்தபோது ஒன்று கற்றேன். எல்லாவற்றையும் காட்டிவிடக் கூடாது. நான்காம் தாளில் ஆட்டின் வாயில் பாதிப் பதிவேடு, ஐந்தாம் தாளில் டீச்சர் அழுகிறாள். இடையில் யார் யாரை ஏசினார்கள் என்பது பிள்ளைகளின் பொறுப்பு. டீச்சர் மூக்குச் சளி சிந்துகிறாள் என்பது இப்போதைய பெரும்பான்மைக் கருத்து.

போன வெள்ளிக்கிழமை அந்தக் கொழும்பு நாய்ப் பையன் ஆட்டுப் புத்தகத்தை வீட்டுக்குக் கேட்டு வாங்கிப் போனான். அவன் அப்பாயி நாற்பது வருடம் கொழுந்து பறித்தவர். எழுதப் படிக்கத் தெரியாது, சம்பளத்துக்குக் கைநாட்டுத்தான் வைத்தார். திங்கட்கிழமை புத்தகம் அடுப்புப் புகை வாசனையோடு திரும்பி வந்தது. பையன் முகம் தூக்கியிருந்தது.

"அப்பாயி தப்பாகச் சொல்கிறார், டீச்சர். ஆட்டை விற்றுவிட்டார்களாம்."

வாசலில் நின்ற அப்பாயி தலைத்துண்டைச் சரிசெய்துகொண்டு உள்ளே எட்டிப் பார்த்தார். "விற்காமல் பதிவேட்டுக்குக் காசு யார் கட்டுவது?" என்றார்.