நான்காம் தலைமுறை மொழிகள் என்ன ஆயின?

"இனி நிரலர்களே தேவைப்படாது" என்ற பேச்சு இன்று புதிதாகக் கிளம்பியதல்ல. 1980களில் நான்காம் தலைமுறை நிரல்மொழிகளைப் (சுருக்கமாக 4ஜிஎல்) பற்றியும் இதையேதான் சொன்னார்கள். ஃபோகஸ், இன்ஃபார்மிக்ஸ் 4ஜிஎல், ப்ராக்ரஸ் என்று நிறைய இருந்தன. கோபால் (COBOL) என்ற பழைய நிரல்மொழியில் பக்கம் பக்கமாக எழுத வேண்டிய விற்பனை அறிக்கை இவற்றில் சில வரிகளில் முடிந்துவிடும். கோப்பைத் திற, அடுத்த பதிவைப் படி, கூட்டு என்றெல்லாம் சொல்ல வேண்டாம். என்ன வேண்டும் என்று சொன்னால் போதும், மிச்சத்தைத் தரவுத்தளம் பார்த்துக்கொள்ளும். தரவுத்தளத்திடம் தகவல் கேட்கும் மொழியான எஸ்க்யூஎல் (SQL) இந்த வகைதான். 1970இல் ஐபிஎம்மின் எட்கர் காட் முன்வைத்த உறவுநிலை மாதிரி, அதாவது தரவை அட்டவணைகளாக வைக்கும் முறை, அதற்கு அடித்தளம்.

சரி, நிரலர்கள் ஏன் காணாமல் போகவில்லை? அறிக்கை எடுப்பது எப்போதுமே எளிதான பகுதி. வாங்கிய சரக்கில் பாதியை மட்டும் திருப்பி அனுப்பினால் வரியை எப்படிக் கணக்கிடுவது? ஒரே இருப்பை இரண்டு பேர் ஒரே நேரத்தில் திருத்தினால் எது நிற்கும்? இதை யாராவது உட்கார்ந்து யோசித்துத்தான் எழுத வேண்டும், மொழி எதுவானாலும்.

மொழிகளும் சாகவில்லை. எஸ்ஏபி (SAP) வணிக மென்பொருளின் நான்காம் தலைமுறை மொழியான அபாப் (ABAP) இன்றும் ஓடுகிறது. ப்ராக்ரஸ் நிறுவனம் மட்டும் 2006இல் தன் மொழியின் பெயரிலிருந்து '4ஜிஎல்' என்பதையே கழற்றிவிட்டது!