கல்லால் நிழல் தேடிக் கோணமாமலைக்கு

இலங்கையின் திருகோணமலையில் இருக்கிற சிவன் கோயிலான திருக்கோணேச்சரத்தைப் பற்றிய எந்தக் குறிப்பை எடுத்தாலும் தொடக்கத்திலேயே நாலு விவரம் இருக்கும். சுவாமி கோணேசர், அம்பாள் மாதுமையாள், தீர்த்தம் பாவநாசம், தலவிருட்சம் கல்லால். முதல் மூன்றையும் கோயிலுக்குப் போய் வருகிற எல்லாரும் சொல்லிவிடுவார்கள். நாலாவதில்தான் இழுப்பார்கள். "அது ஏதோ ஒரு சாதி ஆலமரம்" என்பதோடு பேச்சு முடிந்துவிடும்.

என் பெரியம்மா அப்படி முடிக்க விடுகிற ஆள் இல்லை. சைவநெறி படிப்பித்து ஓய்வுபெற்றவர். மட்டக்களப்பில் பஸ் ஏறி, வாகரை, வெருகல், மூதூர், கிண்ணியா என்று திருகோணமலை வந்து சேரும்வரை பேரனிடம் கேள்வியாகக் கேட்டுக்கொண்டே வந்தார். பேரன் என் அக்காவின் மகன், ஆறாம் வகுப்பு. இறங்கும் நேரம் பார்த்து அவன் திருப்பிக் கேட்டான்: "அம்மம்மா, கல்லால் எண்டா கல்லாலே செய்த மரமா?"

சிரித்துவிட்டுப் போகக்கூடிய கேள்விதான். ஆனால் சைவ இலக்கியத்தில் அந்த மயக்கத்துக்கு இடம் உண்டு. "வில்லால் அடிக்கச் செருப்பால் உதைக்க வெகுண்டொருவன் கல்லால் எறிய" என்ற தனிப்பாடலில் வருகிற கல்லால், மரம் இல்லை. அது கல் கொண்டு எறிந்த சாக்கிய நாயனாரின் கதை. வில்லால் அடித்தது அருச்சுனன், செருப்பால் உதைத்தது கண்ணப்பர். இன்னொரு பக்கம் திருவிளையாடற் புராணத்தில் "கல்லாலின் புடையமர்ந்து" என்று வருமே, அந்தக் கல்லால் மரம். எழுத்தில் இரண்டும் ஒன்றுதான். முன்னால் பின்னால் என்ன வருகிறது என்று பார்த்துத்தான் பிரிக்க வேண்டும். சிவனுக்கு இந்த ஒரு சொல்லில் நிழலும் கிடைத்திருக்கிறது, எறியும் கிடைத்திருக்கிறது.

மரத்தின் பெயரைப் பிரித்தால் கல் + ஆல். கல்லிலும் பாறை இடுக்கிலும் பிடித்து வளர்கிற ஆல் என்பது நேர்ப்பொருள். கல்லத்தி, கல்லிச்சி என்று இதே முன்னொட்டோடு வேறு மரங்களும் உண்டு. கல்மூங்கிலில் மட்டும் கல் என்பது உள்ளே குழல் இல்லாத கெட்டித்தன்மையைக் குறிக்கும். ஆகவே கல் என்று தொடங்கினாலே பாறையில் வளர்வது என்று எல்லா இடத்திலும் முடிவு கட்ட முடியாது. கல்லாலுக்கு ஊன்றி நிற்கும் விழுது கிடையாது, அதுதான் சாதாரண ஆலிலிருந்து அதைப் பிரிக்கிற அடையாளம் என்று பெரியவர்கள் சொல்வார்கள். தாவர நூல்களுக்குப் போனால் ஒன்றுக்கு மேற்பட்ட மரங்களுக்கு இந்தப் பெயரைக் காணலாம். ஆல், அரசு, அத்தி, இத்தி எல்லாம் அடங்கிய ஃபைக்கஸ் பேரினத்தில் உலகம் முழுக்க 800க்கும் மேற்பட்ட இனங்கள் இருக்கின்றன. ஊர்ப்பெயர் ஒன்று இரண்டு மூன்று இனங்களுக்குப் பொதுவாகிப்போவதில் அதிசயம் இல்லை. புராணம் கேட்பவருக்கு அந்தப் பெயர், சிவன் அடியில் இருந்து உபதேசித்த, கைலாயத்தில் நிற்கிற ஒரே ஒரு மரம். காட்டுக்குள் போகிறவருக்கு அது பல மரம்.

சரி, கோயிலுக்கு வருகிறேன்.

கோயில் நிற்கிற பாறையான சுவாமிமலைக்கு ஏறும் பாதை பிரெட்ரிக் கோட்டைக்குள்ளால்தான் போகிறது. 1622இல் போர்த்துக்கேயத் தளபதி கொன்ஸ்தந்தீனு த சா பழைய கோயிலை இடித்து, அந்தக் கல்லையே கோட்டைக்கு எடுத்தான். வாசலில் இரட்டைக் கயல் சின்னமும், குளக்கோட்டன் என்ற அரசன் செய்த திருப்பணியைப் பின்னொரு காலம் பறங்கி பிரிப்பான் என்று சொல்லும் சிதைந்த தமிழ்க் கல்வெட்டும் இன்றைக்கும் இருக்கின்றன. ஓட்டோவை வாசலிலேயே விட்டுவிட்டு நடந்தோம். நடந்தால்தான் சுவரைப் பார்க்கலாம். ஓரிடத்தில் இரண்டு கல்லுக்கு நடுவே ஒரு முழ உயரத்தில் ஆல் இனக் கன்று ஒன்று நின்றது. மண் என்று சொல்ல அங்கே எதுவும் இல்லை. பழம் தின்ற குக்குறுவானோ மைனாவோ எச்சத்தோடு போட்ட விதையாக இருக்கும். இந்த மரங்களின் வேர் கல்லிடுக்கில் ஈரத்தைத் தேடி இறங்கும், பருக்கப் பருக்கக் கல்லை விலக்கும். பழைய கட்டடங்களைப் பராமரிப்பவர்கள் கண்டதும் வெட்டுகிற கன்று இது. கோயில் கல்லால் கட்டிய கோட்டையில் கல்லைப் பிளந்துகொண்டு ஆல் முளைத்திருக்கிறதே என்று எனக்குக் கொஞ்சம் சந்தோசமாகத்தான் இருந்தது. பெரியம்மாவிடம் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அதற்கும் ஒரு பாட்டுப் பாடியிருப்பார்.

உள்ளே மான்கள். புள்ளிமான் கூட்டம் ஆட்களைக் கண்டு ஓடுவதில்லை, அர்ச்சனைத் தட்டில் இருக்கிற வாழைப்பழத்தில் கண் வைத்து நிற்கும். பெரிய ஆலமரம் ஒன்றின் கீழே அவை விழுந்த பழத்தைப் பொறுக்கித் தின்றுகொண்டிருந்தன. பொடியனும் பாதி பழுத்த ஒன்றை எடுத்து நகத்தால் பிளந்தான். "சித்தி, உள்ளுக்குப் பூச்சி!" என்று எறியப் போனவனைப் பிடித்து நிறுத்தினேன். பத்து வருடம் ஆலமரத்தைப் பார்த்து வளர்ந்த பிள்ளைக்கு ஆலம்பூ எப்படி இருக்கும் என்று தெரியாது. அவனுக்கு என்ன, கேட்டால் பெரியவர்களுக்கும் தெரியாது.

நாம் ஆலம்பழம் என்று சொல்வது உண்மையில் உள்பக்கம் திருப்பி மூடிய ஒரு பூங்கொத்து. பூக்கள் முழுக்க உள்ளே, சுவரை ஒட்டி, பொடிப்பொடியாக. நுனியில் ஊசித் துளை ஒன்று உண்டு. அதற்குள் நுழைவது அத்திக்குளவி என்கிற மிகச் சிறிய பூச்சி. பெண் குளவி நுழையும்போதே சிறகு பிய்ந்துபோகும். கொண்டுவந்த மகரந்தத்தைப் பூக்களில் சேர்த்து, சில பூவில் முட்டையிட்டு, அங்கேயே செத்துவிடும். அடுத்த தலைமுறையில் ஆணுக்குச் சிறகே கிடையாது. இணைசேர்ந்து, பெண்கள் வெளியேறச் சுவரைக் குடைந்து வழிவிட்டு, அவையும் உள்ளேயே முடிந்துவிடும். பெண்கள் மகரந்தத்தைச் சுமந்துகொண்டு அடுத்த மரம் தேடிப் பறக்கும். அநேகமாக ஒவ்வொரு இனத்துக்கும் அதற்கென்றே ஒரு குளவி. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இதில் ஒன்றும் தெரியாது. மரம் பூக்கவே இல்லை, நேரே காய்த்துவிட்டது என்றுதான் தோன்றும்.

"பூவாதே காய்க்கும் மரமுமுள" என்றார் பெரியம்மா, பின்னாலிருந்து. நல்வழி.

அந்த வெண்பாவின் முதல் வரியோடு நிற்பதுதான் வழக்கம். அவர் நிற்கவில்லை. "மக்களுளும் ஏவாதே நின்றுணர்வார் தாமுளரே." பூவாமலே காய்க்கும் மரம் இருப்பதுபோல, சொல்லாமலே விளங்கிக்கொள்கிற மனிதரும் உண்டு. இதைச் சொல்லிவிட்டு அவர் பாட்டுக்கு நடந்துபோய்விட்டார். எனக்கு மேலே கோயில் வரும்வரை வேறு யோசனையே ஓடவில்லை.

கோயிலைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இரண்டு பக்கமும் கடைகள், பெரிய சிவன் சிலை, செருப்பு வைக்கும் இடம், வெயில். 1950இல் கிணறு வெட்டும்போது மண்ணிலிருந்து கிடைத்த பழைய விக்கிரகங்களோடு இப்போதைய கோயில் எழுந்தது, 1963இல் கும்பாபிஷேகம். 1956இல் சுழியோடி மைக் வில்சனும் எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கும் கடலுக்கடியில் பழைய கோயிலின் தூண்களைப் பார்த்ததும் பலருக்குத் தெரிந்த கதை. வியாழக்கிழமை என்பதால் கூட்டம் அளவோடுதான். ஐயர் அவசரமில்லாமல் தீபம் காட்டினார். கோணேசரையும் மாதுமையாளையும் நின்று நிதானமாகக் கும்பிட முடிந்தது. பொடியன்கூடத் தோளைச் சொறியாமல் நின்றான்.

வியாழன் என்றதும் எல்லாரும், கல்லால் நிழலில் தெற்கு நோக்கி மௌனமாக உபதேசிக்கிற சிவ வடிவமான தட்சணாமூர்த்திக்குக் கடலை மாலையும் மஞ்சள் வஸ்திரமும் தேடுவார்கள். அவை வியாழ பகவானுக்கு உரியவை. குரு என்கிற ஒரு பெயரால் கிரகத்தையும் சிவனையும் நாம் ஒன்றாக்கி வைத்திருக்கிறோம். பெரியம்மாவுக்கு இதில் கோபம், எனக்கு அவ்வளவு இல்லை. கடலையைக் கொண்டுவருகிற கையும் கும்பிடத்தான் வருகிறது.

சிவன் கோயில்களில் கருவறையின் தென்சுவர் தட்சணாமூர்த்திக்கு உரியது. சிற்பி அவர் தலைக்கு மேலே அந்தக் கல்லால் மரத்தைச் செதுக்கியிருப்பான். சில இடங்களில் நுணுக்கமாக இலை, கிளை, அதில் தொங்கும் பை, பாம்பு எல்லாம் இருக்கும். சில இடங்களில் கோலம்போட்டது போல நாலு இலையோடு விட்டிருப்பான். காலடியில் முயலகன். சுற்றிச் சனகர், சனந்தனர், சனாதனர், சனற்குமாரர். வடமொழித் தியான சுலோகம் அந்த மரத்தை வட மரம், அதாவது ஆல் என்று சொல்கிறது. சீடர்கள் கிழவர்கள், குரு இளைஞர், அவர் உரை மௌனம், சீடர்களுக்குச் சந்தேகம் தீர்ந்துவிட்டது என்பது அதன் கருத்து. தமிழில் ஆல்கெழு கடவுள், ஆலமர் செல்வன் என்று சங்க நூல்களிலேயே அவருக்குப் பெயர் உண்டு. கல்லால் என்று மரத்தைக் குறிப்பிட்டுச் சொல்வது தேவாரத்திலும் பிறகும் நிறைய வரும்.

திருவிளையாடற் புராணம் பாடிய பரஞ்சோதி முனிவர் அவரைச் "சொல்லாமற் சொன்னவர்" என்கிறார். ஒளவையார் காட்டுவது ஏவாமலே உணர்கிறவரை. ஒருவர் குருவைச் சொன்னார், ஒருவர் சீடனைச் சொன்னார். நடுவில் நிற்பது ஒரே மரம், பூவைக் காட்டாமல் காய்க்கிற மரம். வாய் திறக்காமல் உபதேசிக்கிற கடவுளை நம் முன்னோர் பூத்துக் குலுங்குகிற கொன்றையின் கீழோ செண்பகத்தின் கீழோ உட்கார வைக்காமல் ஆலின் கீழ் உட்கார வைத்ததற்கு, எனக்கு இதைவிடப் பொருத்தமான காரணம் தோன்றவில்லை. குளவியை அவர்கள் பார்த்திருக்க வேண்டும் என்றுகூட இல்லை. ஆரவாரம் இல்லாமல் கனிகிற மரம் என்பதைக் கண்ணால் கண்டாலே போதும்.

இதைச் சொன்னபோது பெரியம்மா உடனே ஒரு விதிவிலக்கை எடுத்துப்போட்டார். திருப்பெருந்துறையில் மாணிக்கவாசகரை ஆட்கொண்ட குரு இருந்தது குருந்த மரத்தின் கீழ். குருந்து என்பது காட்டெலுமிச்சை, வெள்ளையாகப் பூக்கிற மரம். "அங்க அவர் வாய் திறந்து உபதேசம் செய்தவர். அதுக்குப் பூக்கிற மரம் சரி" என்று அவரே அதற்குப் பதிலும் வைத்திருந்தார்.

கோயிலுக்குப் பின்னால் இராவணன் வெட்டு. பாறை செங்குத்தாகக் கடலில் இறங்குகிற இடம். விளிம்பில் நிற்கிற மரத்தில் பிள்ளைவரம் வேண்டிக் கட்டிய சின்னச் சின்னத் தொட்டில்கள். அதுதான் கல்லாலா என்று பொடியன் கேட்டான். பக்கத்தில் நின்ற அம்மா ஒருவர் "ஓம்" என்றார், அவருடைய கணவர் "இல்லை" என்றார். நாங்கள் அந்தப் பிணக்கில் தலையிடவில்லை.

பெரியம்மா அங்கே நின்று கோணமாமலைப் பதிகம் பாடினார். மூன்றாம் திருமுறை. சம்பந்தர் கடல் கடந்து இங்கே வரவில்லை, இராமேச்சரத்தில் நின்று இந்தத் திசையை நோக்கிப் பாடினார் என்பது மரபு. ஆனாலும் ஒரு பாட்டில் இந்த மலையின் பொழிலை அள்ளி வைத்திருக்கிறார்.

விரிந்துயர் மௌவல் மாதவி புன்னை
வேங்கைவண் செருந்திசெண் பகத்தின்
குருந்தொடு முல்லை கொடிவிடும் பொழில்சூழ்
கோணமா மலையமர்ந் தாரே

பொடியன் விரல்விட்டு எண்ணினான். எட்டு. குருந்து இருக்கிறது, கடற்கரைக்கே உரிய புன்னை இருக்கிறது. "ஆல் இல்லையே, அம்மம்மா?"

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். கைலாய மலையும் திருகோணமலையும் ஏறக்குறைய ஒரே தீர்க்கரேகையில், கிழக்கே 81 பாகையைச் சற்றுத் தாண்டி இருக்கின்றன. இந்த ஊரைத் தட்சண கைலாசம் என்பார்கள். கைலாயத்தில் கல்லால் நிழலில் தெற்கு நோக்கி இருப்பவரின் பார்வை நேரே நீண்டால் இந்தப் பாறையில்தான் வந்து விழும். அவர் மரமே இங்கே தலவிருட்சம் ஆனது பொருத்தம்தானே.

பேரனின் கேள்விக்குப் பெரியம்மா யோசிக்கவே இல்லை. "அது வேற பதிகத்தில இருக்கு. அதுவும் சம்பந்தர்தான், அதுவும் மூண்டாம் திருமுறைதான்" என்று சொல்லி, நாலு துண்டாகப் பாடிக் காட்டினார்.

கல்லால் நீழல்
அல்லாத் தேவை
நல்லார் பேணார்
அல்லோம் நாமே

கல்லால் நிழலில் இருக்கிறவரைத் தவிர வேறு தெய்வத்தை நல்லவர்கள் பேணமாட்டார்கள், நாமும் அப்படித்தான் என்று பொருள் சொன்னார். எட்டே சொல். படி இறங்கி முடிப்பதற்குள் பொடியனுக்குப் பாடமாகிவிட்டது. "நீழல்" என்பதை மட்டும் "நிழல்" என்று சொல்லிக்கொண்டே வந்தான். நீட்டாவிட்டால் ஓசை குறையும் என்று பெரியம்மா கச்சான் கடை வரைக்கும் திருத்திக்கொண்டே வந்தார். கச்சான் கையில் வந்த பிறகு அவன் சரியாகச் சொன்னான்.